விலகக் கச்சேரியின் சமாதானத் திருநாள்

காரைக்குடிக்கு ரயில் வரப்போகிறது என்ற பேச்சு வந்து, ரயில் மட்டும் வராமலிருந்த காலத்தில், அந்த ஊரில் பன்னிரண்டு வருஷமாக யாருக்கும் ஒரு காயம்கூடப் பட்டதில்லை. இது விலகக் கச்சேரியின் பதிவேட்டில் உள்ள சங்கதி. சந்தேகமுள்ளவர்கள் போய்ப் பார்த்துக்கொள்ளலாம். பன்னிரண்டு தடித்த புத்தகங்கள். ஒவ்வொன்றிலும் காயம் என்ற கட்டத்துக்கு நேரே இல்லை, இல்லை, இல்லை என்று முத்து முத்தான எழுத்து. அதே பன்னிரண்டு வருஷத்தில் செக்காலைக் கடைத்தெருவில் தண்ணீர் சுமக்கிறவர்களிலும் வண்டி ஓட்டுகிறவர்களிலும் முழுப் பல்வரிசையோடு ஒருவர்கூட மிஞ்சவில்லை என்பதும் வாஸ்தவம்தான். அதை எழுதப் பதிவேட்டில் கட்டம் இல்லை.

இரண்டுக்கும் காரணம் ஒரு நிறம்.

அமராவதிபுதூர்க் கண்மாய் அடிவரை வற்றிப்போன ஒரு கோடையில், மடைக்குக் கீழே ஒரு முழ ஆழத்தில் அது அகப்பட்டது. பார்வைக்குக் களிமண். நிறம் என்னவென்று இன்றுவரை யாரும் ஒழுங்காகச் சொன்னதில்லை. சிவப்பு இல்லை, நீலமும் இல்லை. நாவல்பழத் தோலின்மேல் படிந்திருக்கிற சாம்பலை ஒருமாதிரி நினைத்துக்கொள்ளலாம். உற்றுப் பார்த்தால் கண் அதன்மேல் நிற்காது. வழுக்கிக்கொண்டு பக்கத்தில் இருப்பதைப் பார்த்துவிடும். அதனால் விலகம் என்று பெயர் வந்தது. நெற்றியில் ஒரு கீற்று இட்டுக்கொண்டால் போதும். அப்புறம் யார் எதை எடுத்து ஓங்கினாலும் அடி விலகிப் போய்விடும்.

விலகிய அடி காற்றோடு போய்விடும் என்றுதான் முதலில் நினைத்தார்கள். போவதில்லை. விலகம் பூசாத மனிதர்களில் யார் கிட்டத்தில் இருக்கிறாரோ அவர்மேல் போய் விழும். ஆடு மாட்டின்மேல் விழாது. மனிதனுக்கு ஓங்கியது மனிதனுக்கே. சுவர் மறைத்தாலும் விழும், கதவைச் சாத்தினாலும் விழும். முந்நூறு கஜத்துக்கு அப்பால் மட்டும் அதற்குப் போகத் தெரியாது. கச்சேரியார் ஓர் ஆளைக் கஜம் கஜமாகத் தள்ளி நிறுத்தி, சங்கிலி பிடித்து அளந்து கண்ட கணக்கு இது. இருநூற்றுப் பத்தாவது கஜத்தில் அந்த ஆள் செத்துப்போனதால் மிச்சத்தை வேறு ஆளை வைத்து அளந்தார்கள்.

மண்ணைக் கண்டெடுத்தவர்கள் கண்மாயில் தூர் அள்ளிய குடியானவர்கள். அவர்கள் கையில் அது மூன்று நாள் இருந்தது. நாலாம் நாள் கச்சேரி வந்துவிட்டது. தாசில்தார், குமாஸ்தா, டவாலி போட்ட சேவகர்கள், முத்திரை, மேஜைமணி சகிதமாக. இவ்வளவு அருமையான நிறம் பொறுப்பில்லாதவர்கள் கையில் சிக்கினால் ஊரில் அடிதடி பெருகிவிடுமே என்று கச்சேரி கவலைப்பட்டது. ஆகவே பொறுப்புள்ளவர்களுக்கு மட்டும் கீற்றுப் பட்டா கொடுத்தார்கள். பொறுப்புள்ளவர் யார் என்பதற்கும் இலக்கணம் உண்டு: பட்டா வைத்திருப்பவர். மற்றவர்கள் எல்லாரையும் 'ஏற்போர்' என்று பட்டியலில் எழுதிக்கொண்டார்கள். பட்டா இல்லாமல் ஒருவன் நெற்றியில் கீற்று தெரிந்தால் அந்த நெற்றித் தோலைச் சுரண்டி எடுக்கச் சட்டம் வந்தது. அடிபடுகிறவன் என்று கச்சேரி யாரையும் இழிவாகச் சொல்லாது. ஏற்போர் என்று மரியாதையாகத்தான் சொல்லும்.

கீற்று வந்தபின் பொறுப்புள்ளவர்களுக்குக் கோபத்தை அடக்கவேண்டிய அவசியம் இல்லாமல் போயிற்று. பாகப்பிரிவினையில் அண்ணன் தம்பிகள் உலக்கையால் பேசிக்கொண்டார்கள். சீர்வரிசை குறைந்துபோனால் சம்பந்திகள் ஒருவர் தலையில் ஒருவர் அம்மிக் குழவியைப் போட்டுவிட்டு, கை கழுவிக்கொண்டு ஒரே பந்தியில் உட்கார்ந்தார்கள். கொல்லையில் பாத்திரம் துலக்கியவள் மண்டை பிளந்து கிடந்தாள். பல்வலி வந்த ஒரு பெரியவர் கீற்று இட்டுக்கொண்டு பல்லைப் பிடுங்கச் சொன்னார். வலி கிணற்றடியில் நின்ற ஒச்சம்மாள் என்ற தண்ணீர்க்காரிக்குப் போயிற்று. பல்லும் அவளுடையதே விழுந்தது. பெரியவரின் சொத்தைப் பல் இருந்த இடத்திலேயே இருந்தது. ஆகவே மறுபடியும் பிடுங்கச் சொன்னார்.

ஒன்றே ஒன்றைத்தான் கச்சேரி கண்டிப்பாகத் தடுத்திருந்தது. பூசியவர் பூசாதவரை நேராக அடிக்கக் கூடாது, தொட்டுத் தள்ளவும் கூடாது. அது வன்முறை, அதற்கு ஆறு மாதம். ஓர் ஏற்போனைத் திருத்தவேண்டும் என்று சேவகனுக்குத் தோன்றினால் அவன் பக்கத்தில் போய் நின்றுகொண்டு இன்னொரு சேவகனை அடிப்பான். காரியமும் ஆகும், சட்டமும் சட்டமாக இருக்கும்.

சோணைமுத்து அமராவதிபுதூர்க்காரன். கண்மாயில் விலகம் வெட்டுகிற வேலை. பொழுதுக்கும் முழங்கை வரை அந்த நிறத்தில் முங்கிக் கிடப்பான். சாயங்காலம் கரையேறினால் சேவகர்கள் உவர்மண் போட்டுத் தேய்த்துக் கழுவி, கருவேல முள்ளால் நகக்கண்ணைத் துருவிப் பார்த்து அனுப்புவார்கள். பத்து விரலிலும் ரத்தம் கசிய வீட்டுக்கு வருவான். அப்படியும் அவனுக்குக் கச்சேரிமேல் மனத்தாங்கல் கிடையாது. படித்தவர்கள் இருக்கிறார்கள், அடி எங்கே விழவேண்டும் என்று அவர்களுக்குத் தெரியாதா என்று இருந்தான். இப்படிப்பட்டவர்கள் இருப்பதால்தான் கச்சேரிகள் நடக்கின்றன.

அவன் பெண்டாட்டி கருப்பிக்கு ஏழாம் மாதம். முதல் பிரசவம். வளைகாப்புக்கு வளையல் வாங்கப் புருஷனும் பெண்டாட்டியும் செக்காலைக்குப் போயிருந்தார்கள். அங்கே வண்டிக்காரர் ஹனிபா ராவுத்தர் குதிரைக்குத் தண்ணீர் எடுக்கப் போயிருந்த நேரம், அவர் ஜட்காவில் முன்பக்கம் யார் உட்காருவது என்று இரண்டு குமாஸ்தாக்களுக்குள் தகராறு. ஒருவர் பூண் போட்ட கைத்தடியை எடுத்து மற்றவர் தோளில் போட்டார். கருப்பி வளையல் கடை வாசலில் குனிந்து நின்றுகொண்டிருந்தாள். அவள் காரையெலும்பு மளுக்கென்று முறிந்தது எதிர்ச்சாரிக் கடை வரைக்கும் கேட்டது. இரண்டாவது வீச்சு அடிவயிற்றுக்கு நாலு விரல் தள்ளி, தொடையில் விழுந்தது. மூன்றாவதற்கு முன்னால் குமாஸ்தாக்கள் ராசியாகி, ஆளுக்கொரு வெற்றிலையைப் போட்டுக்கொண்டு வண்டியில் ஏறிவிட்டார்கள்.

வளைகாப்பு நடந்தது. இடதுகை தூளிகட்டிக் கிடந்ததால் வலதுகைக்கு மட்டும் வளையல் அடுக்கினார்கள். ஏழாம் மாதம் வளையல் அடுக்கினால் தாய்வீட்டுக்குப் போகவேண்டும்; கருப்பிக்கு ஒக்கூர் தாய்வீடு. ஆனால் ஏற்போர் பட்டியலில் பேர் உள்ளவர்கள் தை மாதம் நடக்கிற சமாதானத் திருநாள் முடியும்வரை எல்லை தாண்டக் கூடாது. திருநாளுக்கு இன்னும் இருபது நாள் இருந்தது. சோணைமுத்துவுக்கு அந்த நாலு விரல் இடைவெளிதான் கண்ணுக்குள்ளேயே நின்றது. பிள்ளை முழுசாகப் பிறக்கவேண்டும், வேறொன்றும் வேண்டாம் என்று கச்சேரிக்குப் போனான்.

கச்சேரியில் குமாஸ்தா சத்தியமூர்த்தி இருந்தார். பதிவேட்டில் முத்து முத்தாக இல்லை என்று எழுதுகிறவர் அவர்தான். தாய்வீட்டுக்குப் போக உத்தரவு கேட்டான் சோணைமுத்து. போவதற்கு அச்சடித்த நமூனாக் காகிதம் கிடையாது, கீற்றுக் கேட்க மட்டும்தான் நமூனா உண்டு, அதில் கேள் என்றார் சத்தியமூர்த்தி. கீற்றானால் இன்னும் நல்லதாயிற்றே என்று சோணைமுத்துவுக்கு ஒரே சந்தோஷம். முதல் கேள்வி, யார் அடித்தது என்பது.

"யாரும் அடிக்கலீங்க எசமான். ரெண்டு குமாஸ்தாமாருக அவுகளுக்குள்ள அடிச்சுக்கிட்டாக. இவளுக்குத் தோள் முறிஞ்சிருச்சு."

"அடித்தவருக்குக் காயம் உண்டா?"

"இல்லீங்க."

"அடி வாங்கினவருக்கு?"

"அவருக்கும் இல்லீங்க."

சத்தியமூர்த்தி பேனாவை மையில் தொட்டு, இல்லை என்று எழுதி, மை உலர ஊதினார். அடுத்து, மனுதாரர் விலகம் பூசாதவர் என்பது ருசுவாக வேண்டும். நெற்றியைப் பார்த்தாலே தெரியுமே என்றான் சோணைமுத்து. பார்வை சாட்சியம் ஆகாது என்று சொல்லிவிட்டுக் குமாஸ்தா எழுந்து, உருளைத் தடியை எடுத்து, வாசலில் நின்ற சேவகன் முத்துவீரன் வாயில் ஓங்கி அடித்தார். முத்துவீரன் அசையவில்லை. சோணைமுத்துவின் கீழுதடு கிழிந்து, முன்பல் ஒன்று மேஜைமேல் போய் விழுந்தது. ருசு ஆயிற்று. ஆனால் நமூனா மூன்று பிரதி. ஒவ்வொரு பிரதிக்கும் தனித்தனி ருசு வேண்டும்.

இரண்டாவது அடி தவறிவிட்டது. ஹனிபா ராவுத்தர் ஓரமாக உட்கார்ந்திருந்தார். மூன்று வருஷத்துக்கு முன்னால் ஒரு கண் போனவர். கச்சேரி வாசலிலிருந்து தன் வண்டிப்பேட்டையை மாற்றித் தரும்படி அன்றுமுதல் மனுக் கொடுத்துக்கொண்டிருப்பவர். பல் தெறித்ததைப் பார்த்துப் பதறி எழுந்து கிட்டத்தில் வந்துவிட்டார். அடி அவர் காதில் விழுந்து ரத்தம் கொட்டிற்று. இது மனுதாரர்மேல் விழாததால் செல்லாது என்று குமாஸ்தா மறுபடி முதலிலிருந்து தொடங்கினார். நாலாவது அடியில் முத்துவீரன் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டான். "காலைலேருந்து நானே அடி வாங்கிக்கிட்டு இருந்தா எப்புடிங்க? எனக்கும் பதினோரு வருசம் சர்வீஸ் இருக்கு" என்றான். அவன் சொல்வதில் நியாயம் இருந்ததால் ஐந்தாவது அடியை அவன் குமாஸ்தாவுக்குக் கொடுத்தான். அதில் சோணைமுத்துவின் விலா எலும்பு ஒன்று விண்டது.

மூன்று பிரதியும் தயாராகி, சோணைமுத்து தாசில்தார் தண்டாயுதபாணி முன்னால் போய் நின்றான். அவர் சரிகைத் தலைப்பாகையும், அதற்குக் கீழே அகலமான கீற்றுமாக இருந்தார். மனுவைப் படித்துக் கண் கலங்கினார்.

"ஏழைகள் என்றால் எனக்கு இளகிய மனசு. நேற்றுக்கூட ஓர் ஏற்போன் என் கண்ணெதிரே விழுந்து துடித்தான். பார்க்கச் சகியாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அப்படித் திருப்பிக்கொள்ள வேண்டும் என்று சட்டத்தில் எங்கும் சொல்லவில்லை. இருந்தும் செய்தேன்" என்றார். அந்த இளகிய மனசால், திருநாள் ஒருநாளைக்கு மட்டும் கருப்பிக்கு ஒரு கீற்று அளிக்க உத்தரவு போட்டார்.

சோணைமுத்து வாயில் ரத்தமும் கையில் காகிதமுமாக ஓடினான். வழியெல்லாம் அவனுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தால் விலா வலித்தது. கருப்பி காகிதத்தை வாங்கித் தலைகீழாகப் பார்த்தாள். இரண்டு பேருக்கும் எழுத்துத் தெரியாது. அவன் சொன்னதையெல்லாம் கேட்டுவிட்டுக் காகிதத்தை மடித்துக் கீழே வைத்தாள்.

"எனக்குக் கீத்து இட்டுட்டா எம்மேல அடி விழாது. சரி மச்சான். எனக்கு வர்ற அடி அப்ப யாருமேல விழும்?"

"கிட்டத்துல பூசாம நிக்கிற ஆளு மேல. நான்தேன் ஒம் பக்கத்துல நிப்பேன்ல."

கருப்பி அவன் கையைப் பிடித்து, நகக்கண் எல்லாம் புண்ணாயிருந்த அந்த விரல்களைத் தன் வயிற்றின்மேல் வைத்தாள். உள்ளே ஓர் உதை உதைத்தது.

"ஒங்களவிடக் கிட்டத்துல ஒராளு இருக்குல்ல" என்றாள்.

சோணைமுத்து வெடுக்கென்று கையை எடுத்துக்கொண்டான். அவ்வளவு ஆசையாக வாங்கி வந்த கீற்று, கருப்பிமேல் ஓங்குகிற ஒவ்வொரு அடியையும் நேரே பிள்ளைமேல் கொண்டுபோய் இறக்கிவிடும். படித்தவர்கள் யாரும் இதை யோசிக்கவில்லையா என்று நினைத்தான். யோசித்திருக்கமாட்டார்கள், சொன்னால் சரிசெய்துவிடுவார்கள் என்றும் நினைத்தான். மறுநாள் திரும்பக் கச்சேரிக்குப் போய், கீற்று வேண்டாம், ஒக்கூருக்கு அனுப்பினால் போதும் என்று தாசில்தார் காலில் விழுந்தான்.

தண்டாயுதபாணி விஷயத்தைக் கேட்டு அசந்துபோனார். இப்படி ஒரு சட்டப் பிரச்சினை கச்சேரி சரித்திரத்திலேயே வந்ததில்லை. இரண்டு நாள் யோசித்தார். மூன்றாம் நாள் ஊர் நடுவில் தமுக்கடித்து, முத்திரை போட்ட தீர்மானத்தைத் தாமே வாசித்தார்.

"கீற்று காப்பது தோலை மட்டுமே. தோலுக்கு உள்ளே இருப்பது எதுவானாலும், யாருடையதானாலும், அது பூசப்படாததே என்று இக்கச்சேரி தீர்மானிக்கிறது. ஆகவே கருப்பி என்பவள் வயிற்றிலிருப்பதும் ஏற்போரில் ஒன்று. அவளுக்கு அளித்த கீற்று ரத்து. அவள் ஒருத்தி இரண்டு ஏற்போராக எண்ணப்பட்டு, திருநாளன்று முதல் வரிசையில் இடம் பெறுவாள்." பிறகு கூட்டத்தில் சோணைமுத்துவைத் தேடிக் கண்டுபிடித்து, தகப்பன் மாதிரி பேசினார். "உன் பிள்ளை கொடுத்து வைத்தது. பிறக்கும் முன்னாலேயே சேவை. அது கத்தி என் காதில் விழப்போவதில்லை, மனுக் கொடுத்து என் பொழுதைக் கெடுக்கப்போவதில்லை. எல்லா ஏற்போரும் இப்படி அமைந்துவிட்டால் இந்த உத்தியோகம் எவ்வளவு சுகமாக இருக்கும்."

அன்றைக்குத்தான் சோணைமுத்துவுக்கு விளங்கிற்று. அவர்கள் யோசிக்காமல் விட்டது ஒன்றும் இல்லை.

சமாதானத் திருநாள், பூசியவர் எவருக்கும் காயமில்லாமல் இன்னொரு வருஷம் கழிந்ததைக் கொண்டாடுவது. ஊருக்கு வெளியே பொட்டலில் வட்ட மேடை போட்டு, மாவிலைத் தோரணம் கட்டி, கீற்று இட்ட பாண்டு வாத்தியக்காரர்களை வைத்திருந்தார்கள். மேடையைச் சுற்றி முந்நூறு கஜத்தில் ஒரு கயிறு. கயிற்றுக்கு உள்ளே ஏற்போர் நானூறு பேர் பட்டியல்படி வரிசையாக. மேடையில் கீற்று இட்ட பன்னிரண்டு பேர். இரண்டு பேர் எதிரெதிரே நின்று, ஒவ்வொரு மணியோசைக்கும் ஓர் அடியாகக் கருங்காலித் தடியால் ஒருவரையொருவர் அடித்துக்கொள்வார்கள். கை சலித்தால் அடுத்த ஜோடி. ஆக நூற்றெட்டு அடி. ஜோடி ஓர் இடத்தில் நிற்காமல் மேடை ஓரமாகவே சுற்றிவரும். நாலு திசை ஏற்போருக்கும் பாரபட்சமில்லாமல் பங்கு கிடைக்க வேண்டும் என்பது ஏற்பாடு. ஆரம்பித்துவிட்டால் நடுவில் நிறுத்தக் கூடாது. நிறுத்தினால் சமாதானம் கெட்டுப்போகும்.

தண்டாயுதபாணி பேசினார். பன்னிரண்டு வருஷமாகத் தம் உடம்பில் ஒரு கீறல்கூட இல்லை என்று சட்டையைக் கழற்றிக் காட்டினார். வலி என்றால் என்னவென்றே தமக்கு மறந்துபோய்விட்டது, அதைப் பற்றி ஏற்போர் மிகைப்படுத்திச் சொல்கிறார்கள் என்பது தம் அபிப்பிராயம் என்றார். மேடையில் இருந்தவர்கள் கைதட்டினார்கள். மணி அடித்தது.

முதல் அடியில் வீரணன் என்ற வண்டிக்காரனின் தாடை கழன்று தொங்கிற்று. மூன்றாவதில் ஒரு தண்ணீர்க்காரிக்கு முழங்கை பின்பக்கமாக மடங்கியது. நாலாவது ஒரு கிழவர் உச்சந்தலையில் இறங்க, அவர் உட்கார்ந்தபடியே சரிந்து கண்ணை மூடினார். பட்டியலில் அவர் இடம் காலி என்று சத்தியமூர்த்தி குறித்துக்கொண்டார். பாண்டு வாசித்தது. ஜோடி கிழக்கே நகர்ந்து வந்துகொண்டிருந்தது. கிழக்கே முதல் வரிசையில் கருப்பி வயிற்றை ஒரு கையால் அணைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். சோணைமுத்துவுக்கு இரண்டாம் வரிசை. இன்னும் எத்தனை அடி என்று எண்ணிப் பார்த்தான். நாலு. அவ்வளவுதான்.

அவன் எழுந்தான்.

"கருப்பி, நீ எந்திரிச்சு ஒக்கூரு பக்கமா நட. திரும்பிப் பாக்காத" என்றான்.

நேரே போய் மேடையில் ஏறி, அடித்துக்கொண்டிருந்த இருவருக்கும் பக்கத்தில் ஒட்டினாற்போல் நின்றுகொண்டான். மணி அடித்தது. அடி அவன் தோளில் விழுந்தது. ஜோடி நகர்ந்தது, அவனும் நகர்ந்தான். அடுத்த அடி முதுகில். அவனைவிடக் கிட்டத்தில் பூசாதவர் யாரும் இல்லாததால் எல்லாமே அவனுக்கு வந்தது. சத்தியமூர்த்தி பதறிப்போய், இவனை இறக்கவேண்டாமா என்று தாசில்தாரைக் கேட்டார். தொட்டால் வன்முறை. அதுபோக, ஓர் ஏற்போன் கிட்டத்தில் வரக்கூடாது என்று எந்த விதியிலும் இல்லை. தண்டாயுதபாணிக்கு உள்ளம் நெகிழ்ந்துவிட்டது.

"பாருங்கள். பன்னிரண்டு வருஷமாக நான் எதிர்பார்த்த ஏற்போன் இவன்தான். இழுத்துவந்து உட்கார வைக்க வேண்டியதில்லை, பட்டியல் வேண்டியதில்லை. தானாக வந்து நிற்கிறான். எல்லாரும் இவனைப் பார்த்துத் திருந்துங்கள்" என்று கூவினார். அவனைக் கௌரவிக்க வேண்டும் என்று சட்டையில்லாமலே தாமே தடியை வாங்கிக்கொண்டு சத்தியமூர்த்தியை எதிரே நிறுத்தினார்.

கருப்பி எழுந்திருக்கவில்லை. அவன்மேல் விழுவதைப் பார்த்தபடியே உட்கார்ந்திருந்தாள். பின்னாலிருந்து ஒச்சம்மாள் வந்து அக்குளில் கைகொடுத்துத் தூக்கினாள். "அவென் நிக்கிற மட்டுந்தேன் நமக்கு வழி. ஒம் புள்ளைக்குத்தான ஏறியிருக்கான். நடடி" என்று தள்ளிக்கொண்டு போனாள். அவர்கள் போவதைப் பார்த்துப் பக்கத்தில் இருந்தவர்கள் எழுந்தார்கள். தாடை தொங்கிய வீரணன் எழுந்தான். மற்றவர்கள் கிழவரின் உடம்பைத் தூக்கிக்கொண்டார்கள். பன்னிரண்டு வருஷத்தில் முதல்தடவையாக எந்த அடியும் தங்களைத் தேடி வராததால், எல்லோராலும் நிமிர்ந்து நடக்க முடிந்தது. கயிற்றைக் காவல் காக்க வேண்டிய சேவகர்களும் மேடையில்தான் இருந்தார்கள். அது அவர்களுக்கும் திருநாள். மேடையிலிருந்து பார்க்கிறவர்களுக்கு ஏற்போர் கண்ணில் படுவது வழக்கமில்லை, ஆகவே அவர்கள் குறைவதும் படவில்லை.

பதினைந்தாவது அடியில் சோணைமுத்துவின் வலது முழங்கால் சில்லு நொறுங்கியது. விழுந்தான். விழுந்த இடத்திலிருந்து ஜோடியின் காலடியிலேயே ஊர்ந்தான். பதினெட்டில் கை. இருபதில் விலா மொத்தமாக உள்ளே அமுங்கிற்று. வலிக்கிறது என்று அவன் கத்தினான். கத்தாமல் இருக்க அவன் ஒன்றும் வீரன் இல்லை. நடுநடுவே தலையைத் தூக்கிக் கிழக்கே பார்த்தான். கருப்பியின் கண்டாங்கிச் சேலை சின்னதாகிக்கொண்டே போயிற்று. இன்னும் கயிற்றைத் தாண்டவில்லை. இன்னும் இல்லை. தாண்டிவிட்டது.

அப்போதுதான் ஹனிபா ராவுத்தர் ஜட்காவை மேடையோரத்தில் கொண்டுவந்து நிறுத்தினார். சோணைமுத்துவின் இடுப்பு வேட்டியைப் பிடித்து இழுக்கும்போது இருபத்து மூன்றாவது அடி அவர் மணிக்கட்டில் விழுந்தது. மறுகையால் இழுத்து வண்டியில் போட்டார். குதிரை பறந்தது. மேடையில் மணியும் பாண்டும் நிற்கவில்லை. நூறு கஜத்தில் ஓர் அடி வந்து சோணைமுத்துவின் இடுப்பை முறித்தது. இருநூறு கஜத்தில் இன்னொன்று.

"செத்துத் தொலைஞ்சிராத அப்பு. இந்தா வந்திருச்சு கயிறு" என்று ராவுத்தர் சொல்லிக்கொண்டே ஓட்டினார்.

கயிறு அறுந்து குதிரையின் மார்பில் சுற்றிக்கொண்டது. வண்டி எல்லைக்கு அப்பால் போய் நின்றது. மற்ற ஏற்போர் எல்லோரும் அங்கேதான் நின்றார்கள். கருப்பி சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு ஏறி, அவன் தலையை எடுத்து மடியில் வைத்தாள். அவன் கண் திறக்கவில்லை. காது மட்டும் கேட்டது. தூரத்தில் இருபத்தாறாவது மணி அடித்தது.

சத்தியமூர்த்தி ஓங்கிய தடி தாசில்தாரின் வெறும் வயிற்றுக்கு நேரே இறங்கியது. முந்நூறு கஜத்துக்குள் பூசாத மனிதர் எவரும் இல்லை. அடி கொஞ்சம் தயங்கியிருக்கும். தோலுக்கு உள்ளே இருப்பது பூசப்படாததே என்று கச்சேரி முத்திரை போட்டுத் தீர்மானித்தது முற்றிலும் சரியாக இருந்தது. தண்டாயுதபாணியின் தோலில் ஒரு கீறலும் விழவில்லை. நெற்றிக் கீற்றும் கலையவில்லை. வாயிலிருந்து மட்டும் கறுப்பு ரத்தம் குபுகுபுவென்று கொட்டிற்று. அவருக்கு அது என்னவென்று புரியவில்லை. ஆனாலும் மணி அடித்துவிட்டதால் பதிலடி கொடுத்தார். சத்தியமூர்த்தி தலைக்குள்ளே என்னவோ உடைந்து காதுவழியாக வழிந்தது. நடுவில் நிறுத்தக் கூடாது. அடுத்த ஜோடி தடியை எடுத்துக்கொண்டது. பிறகு பாண்டு நின்றுபோய், சத்தம் மட்டும் வந்தது. பன்னிரண்டு வருஷம் பழக்கம் விட்டுப்போனவர்கள் கத்துகிற சத்தம் அது, மனிதக் குரல் மாதிரியே இல்லை.

கருப்பி அவன் தலையை இன்னும் இறுக்கி அணைத்துக்கொண்டாள். வயிற்றுக்குள்ளே பிள்ளை புரண்டு படுத்தது.

"யாரு மச்சான் இப்புடிக் கத்துறது?" என்று கேட்டாள்.

சோணைமுத்து உடைந்த வாயால் மெதுவாகச் சொன்னான்.

"தெரியல புள்ள. நம்ம ஆளுக எல்லாரும் இங்குட்டுல்ல இருக்கோம்."